ரைஸ் மில் பேக்கிங் ஹாலில் எபாக்சி செல்ஃப் லெவலிங்: எந்த முள் ஷூ வாங்குவது?

பாமணிக்கரை

வணக்கம். மன்னார்குடி பக்கம் ஒரு ரைஸ் மில்லில் பேக்கிங் ஹால் தரை வேலை பேசியிருக்கிறோம். 60 அடி நீளம், 20 அடி அகலம், மொத்தம் 1200 சதுர அடி. பழைய சிமென்ட் தரை. அதன்மேல் 2 மி.மீ. எபாக்சி செல்ஃப் லெவலிங் (ஊற்றினால் தானே பரவி மட்டமாகும் பூச்சு) கேட்கிறார்கள். வாசல் கிழக்குக் கடைசியில் ஒன்றே ஒன்று. எங்களுடையது டைல்ஸ் செட். எபாக்சியை ரோலரில் அடித்ததுண்டு, ஊற்றிப் பரப்புவது இதுதான் முதல் தடவை.

ஈரத்துக்குள் இறங்கி நடக்கும் ஷூ பற்றித்தான் கேள்வி. ஆன்லைனில் இரண்டு வகை வருகிறது. ஒன்று புல்தரைக்கு விற்பது: ஒரு ஷூவுக்கு 13 ஆணி, 5 செ.மீ. நீளம், மலிவு. இன்னொன்று எபாக்சிக்கு என்றே வருவது: முள் குட்டை, விலை மூன்று மடங்கு. பையன்களோ பழைய செருப்பில் பிளைவுட் ஒட்டி கான்கிரீட் ஆணி அடித்துக்கொள்ளலாம் என்கிறார்கள். எது சரி? எத்தனை ஜோடி வேண்டும்? முள் குத்திய ஓட்டை தரையில் நின்றுவிடாதா?

குடமுருட்டி

அந்த பிளைவுட் யோசனையை இப்பவே விட்டுடச் சொல்லுங்க. கையால அடிச்ச ஆணி எல்லாம் ஒரே மட்டத்துல நிக்காது. நீட்டிக்கிட்டு இருக்கிற நாலஞ்சு ஆணிதான் முழு ஆளையும் தாங்கும், மூணாவது எட்டுல வளையும். பிளைவுட் வேற எபாக்சி ரெசினைக் குடிச்சு ஓரம் உப்பி நார் நாரா உதிரும். அந்த நார் தரையில விழுந்தா பொறுக்கி எடுக்க முடியாது.

புல்தரை ஷூ ஏன் வேண்டாம்னா, அது மண்ணுல இறங்கறதுக்கு செஞ்சது. மண்ணு ஆணியைப் பிடிச்சு நிறுத்தும். கான்கிரீட் பிடிக்காது, நீங்க 5 செ.மீ. உயரத்துல மரக்கால் கட்டின மாதிரி நிப்பீங்க. குனிஞ்சு ரோலர் தள்ளும்போது கணுக்கால் மடங்கும். கீழே 2 மி.மீ. எபாக்சி, விழுந்தா ஆளும் போச்சு தரையும் போச்சு. அதோட அந்த ஆணி முனை ஊசி மாதிரி இருக்கும், எபாக்சிக்கு அடியில பூசி வச்ச பிரைமரைக் கிழிக்கும்.

முள்ளு நீளத்துக்கு ஒரு கணக்கு வச்சுக்கலாம். தரையில இருக்கிற ஆகப் பெரிய பள்ளத்தோட ஆழம், கூட ஒரு 15 மி.மீ. உங்க வேலைக்கு 20லேர்ந்து 25 மி.மீ. முள்ளு தாராளம். ஷூவோட அடித்தகடு மெட்டீரியலைத் தொடக்கூடாது, அவ்வளவுதான் வேணும். முனை ரொம்பக் கூராவும் வேண்டாம், கொஞ்சம் உருண்டு இருந்தா நல்லது. ஓட்டை ஒரு சுற்றுப் பெருசா விழும், ஆனா அது மூடிக்கும். பிரைமர் கிழிஞ்சா மூடாது.

வாங்கும்போது பட்டையைப் பாருங்க. ஒட்டுப்பட்டை (வெல்க்ரோ) வச்சது வேண்டாம். ஒரு தடவை ரெசின் ஏறினா அந்தப் பல்லு செத்துடும். நைலான் பட்டை, இரும்பு பக்கிள், காலுக்கு மூணு இடத்துல கட்டு. கம்பூட்ஸ் மேல கட்டிப் பார்த்து நீளம் எட்டுதான்னு தெரிஞ்சுக்கிட்டு வாங்குங்க. அடித்தகடு பூட்ஸைவிட முன்னாடி நீட்டிக்கிட்டு இருந்தா தடுக்கும். செருப்பு மேல கட்டற வேலையே கூடாது. நம்ம பக்கம் பையனுங்க வெறுங்காலோட கலவை மிதிச்சுப் பழகினவங்க. எபாக்சி ஹார்டனர் தோல்ல பட்டுப்பட்டு ஒருநாள் அலர்ஜி பிடிச்சா, அப்புறம் அந்த டப்பாவைத் திறந்தாலே அரிக்கும்.

ஜோடிக்கணக்கு: இறங்கறவங்க ரெண்டு பேர், ரெண்டு ஜோடி. மூணாவது கைவசம். பக்கிள் அறுந்தா பாதி ஹால்ல நிறுத்த முடியாது இல்லையா.

வெண்ணாறு

ஷூ தேர்வு மேலே சொன்னபடிதான். ஓட்டை நிற்குமா என்ற கேள்விக்கு மட்டும் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன், ஏனென்றால் ஓட்டைக்கு ஷூவைக் குறை சொல்வது பாதி நேரம் தப்பு. ஓட்டை நிற்பது நேரம் தப்பியதால்.

எபாக்சி ஓடிக்கொண்டிருக்கும்வரை எந்த முள் குத்தினாலும் சில நொடிகளில் மூடிக்கொள்ளும். இறுக ஆரம்பித்த பிறகு எவ்வளவு நல்ல ஷூவானாலும் தடம் நிற்கும். அதனால் எவ்வளவு நேரம், எவ்வளவு தூரம் என்பதை முன்பே அளந்து வையுங்கள். உங்கள் ஹாலுக்கே போட்டுப் பார்ப்போம். 2 மி.மீ. கனத்துக்குச் சதுர மீட்டருக்குச் சுமார் 3 கிலோ. 1200 சதுர அடி என்பது 111.5 சதுர மீட்டர். ஆக 335 கிலோ, ரெசினும் ஹார்டனரும் சேர்ந்த 15 கிலோ செட் என்றால் 22 முதல் 23 செட். ஒரு செட் 54 சதுர அடிக்கு வரும். உங்கள் அகலம் 20 அடி, அதனால் ஒரு செட் 2 அடி 8 அங்குல நீளத்துக்குத்தான் காணும். நாலு நிமிடத்துக்கு ஒரு செட் வீதம் கலக்கி ஊற்றினால், ஊற்றியது இறுகத் தொடங்குவதற்குள் கிடைக்கும் 15 நிமிடத்தில் முன்னேறுவது சுமார் 10 அடி. முள் ஷூ போட்டவர் வேலை செய்யும் இடம் அந்தப் பத்தடிப் பட்டைதான். அதற்கு அப்பால் ஒரு பூச்சி விழுந்து கிடந்தாலும் திரும்பிப் போகக் கூடாது. சுவரில் பத்தடிக்கு ஒரு பென்சில் கோடு போட்டு, ஊற்றிய நேரத்தை டேப்பில் எழுதி ஒட்டிவிடுங்கள். அப்போது வாக்குவாதம் வராது.

மேற்குச் சுவரில் ஆரம்பித்து வாசலை நோக்கிப் பின்வாங்க வேண்டும் என்பது உங்களுக்குத் தெரிந்ததே. ஷூ போட்டவர் ஈரப் பட்டையிலிருந்து காய்ந்த பிரைமர் மேல் ஏறி இறங்கி உலாத்தக் கூடாது. திரும்பும் இடத்தில் கெட்டி அட்டை ஒன்று போட்டு வையுங்கள், ஊற்ற ஊற்ற அதைப் பின்னால் இழுத்துக்கொண்டே வரலாம்.

நடை. குதிகாலை முதலில் ஊன்றும் வழக்கமான நடை இங்கே உதவாது. 75 கிலோ ஆள் ஒரு காலில் நிற்கும்போது 13 முள்ளும் சேர்ந்து தாங்கினால் முள்ளுக்கு ஆறு கிலோகூட வராது. குதிகாலில் ஊன்றினால் அங்கிருக்கும் நாலு முள் தாங்க வேண்டும், முள்ளுக்கு 19 கிலோ. அங்கேதான் பிரைமர் உடைகிறது. பிரைமரின் வேலையே கான்கிரீட் துவாரங்களை அடைப்பது. அது உடைந்த இடத்தில் உள்ளிருக்கும் காற்று மெல்ல மேலே வந்து, எபாக்சி இறுகும் நேரத்தில் குண்டூசி ஓட்டையாக நிற்கும். காய்ந்த தரையில் ஓட்டைகள் கூட்டம் கூட்டமாக, ஒரு எட்டு இடைவெளியில் தெரிந்தால் அது குதிகால் தடம் என்று அடித்துச் சொல்லலாம். நாற்று நடும் சேற்றில் காலை எப்படி நேரே உருவி நேரே வைப்பார்களோ அப்படி: பாதம் முழுவதும் தட்டையாக ஏற வேண்டும், தட்டையாக இறங்க வேண்டும். நின்ற இடத்தில் உடம்பைத் திருப்பாதீர்கள். காலைத் தூக்கித்தான் திரும்ப வேண்டும், இல்லையென்றால் முள் பிரைமரில் வட்டக் கீறல் போடும்.

ஷூ போட்டவர் வாளி தூக்கக் கூடாது. அவர் கையில் ஸ்பைக் ரோலர் (குமிழ்க் காற்றை வெளியேற்றும் முள் ரோலர்) மட்டும். ஊற்றி ஐந்து நிமிடத்துக்குள் ஒரு தடவை, பிறகு குறுக்கே ஒரு தடவை, ரோலரின் சொந்த எடையிலேயே. அழுத்தினால் காற்று போகாது, அலை எழும்பும்.

அரசலாறு

ஷூவை அப்புறம் பாருங்க அண்ணே, மில்லு ஆத்தங்கரையில இருக்கா? பழைய தரைன்னா அடியில பாலிதீன் ஷீட் போட்டிருக்க மாட்டாங்க. ஒன்றரை அடிக்கு ஒன்றரை அடி கனமான பிளாஸ்டிக் ஷீட்டை நாலு பக்கமும் டேப் போட்டு ஒட்டி, 16 மணி நேரம் கழிச்சுத் திறந்து பாருங்க. அடியில முத்து முத்தா தண்ணி நின்னாலோ கான்கிரீட் கறுத்திருந்தாலோ, எபாக்சி நேரா போட்டா ஆறு மாசத்துல கொப்புளம். ஈரம் அளக்கற மீட்டர் இருந்தா 4 சதவீதத்துக்குக் கீழ வரணும். இல்லன்னா ஈரம் தாங்கற பிரைமர், அல்லது மூணு பார்ட் எபாக்சி சிமென்ட் கோட் ஒண்ணு 2 மி.மீ. கனத்துல போட்டுட்டு மேல போகணும். டெஸ்ட்டை ஒரே இடத்துல வைக்காதீங்க, ஆத்துப் பக்கச் சுவர் ஓரம் ஒண்ணு கண்டிப்பா வேணும். மாசி, பங்குனியில செய்யறது உத்தமம். வழக்கப்படி ஜூன் 12 வாக்குல மேட்டூர் அணை திறந்து வாய்க்கால்ல தண்ணி வந்துட்டா அந்தச் சுவரோரம் கதையே வேற.

இன்னொண்ணு, தவிட்டு எண்ணெய். மூட்டை அடுக்கின இடமெல்லாம் தரை அதைக் குடிச்சிருக்கும். டைமண்ட் கிரைண்டிங் பண்ணி, தண்ணி நாலு சொட்டு விட்டுப் பாருங்க. உருண்டு நின்னா எண்ணெய் இன்னும் இருக்கு.

ஊத்தற வேலையை விடியக்காலம் அஞ்சு மணிக்கு ஆரம்பிங்க. வெயில் ஏறிட்டா வாளிக்குள்ளேயே கட்டிடும்.

பாமணிக்கரை

மூவருக்கும் நன்றி. ஆற்றங்கரைதான், நூறு அடி இருக்கும். ஷீட் டெஸ்ட் இந்த வாரமே வைக்கிறோம்.

இரண்டு சந்தேகம். தரையில் ஒரு மூலை 5 மி.மீ. வரை இறங்கியிருக்கிறது. முதலில் சிமென்ட் செல்ஃப் லெவலிங் போட்டு மட்டமாக்கிவிட்டால் அதே ஷூ ஆகுமா? விடியற்காலையில் ஆரம்பிப்பது பற்றி மற்றவர்கள் என்ன சொல்கிறீர்கள்?

வெண்ணாறு

விடியற்காலை வேண்டாம் என்பேன். அரசலாறு அண்ணன் சொல்வதில் வாளி சீக்கிரம் கட்டும் என்பது உண்மை. ஆனால் காலையில் தரை சூடேறிக்கொண்டே போகும், கான்கிரீட்டுக்குள் இருக்கும் காற்று விரிந்து மேலே வரும். முள் ரோலர் எத்தனை தடவை போட்டாலும் பின்னாலேயே குமிழ் வரும். டெல்டாவில் விடியற்காலை ஈரப்பதமும் உச்சத்தில் இருக்கும். காற்று 28 டிகிரி, ஈரப்பதம் 85 சதவீதம் என்றால் பனி பிடிக்கும் அளவு 25 டிகிரிக்கு மேல். தரை அதைவிட 3 டிகிரியாவது சூடாக இருக்க வேண்டும், அதாவது 28க்குக் குறையக் கூடாது. இரவெல்லாம் குளிர்ந்த தரை காலை ஐந்து மணிக்கு அப்படி இருக்காது. மீறி ஊற்றினால் மேலே வெளுத்த பிசுபிசுப்பு படியும்.

மதியம் இரண்டரை, மூன்று மணிக்கு ஆரம்பியுங்கள். காலையைப் போலத் தரை வேகமாகச் சூடேறாத நேரம். 23 செட்டுக்கு ஒன்றரை மணி நேரம், தாமதம் சேர்த்தாலும் வெளிச்சம் இருக்கும்போதே முடியும். டப்பாக்களை முதல் நாளே நிழலில், தரையில் வையுங்கள். லாரியில் வெயிலில் கிடந்த ரெசினை அன்றே கலக்கக் கூடாது. கலக்கியதும் வாளியை ஒரு நிமிடம்கூட நிறுத்தாமல் வரிவரியாகத் தரையில் ஊற்றிவிடுங்கள். வாளியில் குவியலாக இருந்தால்தான் சூடேறிப் புகையும், பரப்பிவிட்டால் இல்லை.

இருட்டுவதற்குள் முடிக்கச் சொல்ல இன்னொரு காரணம்: பயிர் நிற்கும் காலத்தில் விளக்குப் போட்டால் பச்சைத் தத்துப்பூச்சி வந்து அப்பும். ஜன்னலுக்கு வலை அடித்து, வெளியே தூரத்தில் ஒரு விளக்கு எரிய விடுங்கள். மில்லையும் முதல் நாளே நிறுத்தச் சொல்லி, கைமரத்தில் படிந்த தவிட்டைத் துடைத்துவிட வேண்டும்.

குடமுருட்டி

அந்த மூலை மட்டும்தான் இறக்கம்னா ஹால் முழுக்க சிமென்ட் லெவலிங் எதுக்கு? 5 மி.மீ. கனத்துக்கு முழு ஹாலும் போட்டா சதுர மீட்டருக்கு மி.மீ.க்கு 1.65 கிலோ வீதம் 920 கிலோ, 25 கிலோ மூட்டை 37. மூலையை எபாக்சியும் குவார்ட்ஸ் மணலும் கலந்து கரண்டியில இழுத்து மட்டமாக்கிட்டு மேல போங்க.

அப்படியும் சிமென்ட் லெவலிங்தான் போடறதுன்னா அந்த ஈர டெஸ்ட்டு தேறியிருக்கணும். ஷூ முள்ளும் 30 மி.மீ.க்குக் குறையக் கூடாது. சிமென்ட் கலவை எபாக்சியைவிட சீக்கிரம் ஓட்டத்தை விடும், நம்ம சூட்டுல 10 நிமிஷத்துக்கு மேல உள்ளே இறங்காதீங்க. தண்ணி கூட விட்டா நல்லா ஓடுதேன்னு தோணும். மேல பால் மாதிரி ஏடு படிஞ்சு, காஞ்சப்புறம் பொடிப்பொடியா பேர்ந்து வரும். மூட்டையில போட்டிருக்கிற அளவை அளவுக்குடுவையில ஊத்துங்க, மக்குல இல்ல.

சின்ன ரூம் வந்தா, 10க்கு 10 மாதிரி, ஷூவே வேண்டாம். ஆறடி குச்சி மாட்டின ரோலரை, ஊத்தாத பக்கம் நின்னு வாசல் வரைக்கும் பின்வாங்கிக்கிட்டே ஓட்டிடலாம். தண்ணி புகாம இருக்க மெம்பரேன் போட்ட தரையில கூர் முள்ளு ஷூ போட்டு இறங்கவே கூடாது, ஒவ்வொரு எட்டும் ஒரு ஒழுகல்.

ஷூவைக் கட்டறது கழட்டறது பத்தி யாரும் சொல்லல. வாளியைக் கவுத்துப் போட்டு அதுமேல உக்காந்து கட்டணும். மழமழன்னு இருக்கிற வெறும் தரையில இரும்பு முள்ளோட நடந்தா பனிக்கட்டி மேல நடக்கற மாதிரி வழுக்கும். பக்கிள் மேல மாஸ்கிங் டேப் ரெண்டு சுத்து, ரெசின் உள்ளே போகாது. வேலை முடிஞ்சு வாசல்ல அட்டை மேல உக்காந்து கழட்டி, அப்பவே தின்னர் துணியால ஒவ்வொரு முள்ளாத் துடைங்க, கையில நைட்ரைல் கிளவுஸ் போட்டுக்கிட்டு. நாளைக்குப் பார்த்துக்கலாம்னு விட்டா முள்ளு ஒவ்வொண்ணும் ரெசின் காஞ்சு சுண்டுவிரல் தண்டி ஆகிடும், அடுத்த வேலையில அந்த ஓட்டை மூடாது.

முள்ளைப் பிடிச்சிருக்கிற நட்டை, இறங்கறதுக்கு முன்னாடி ஸ்பேனர் போட்டு இறுக்குங்க. மரையில த்ரெட் லாக் பசை ஒரு சொட்டு. எத்தனை நட்டுன்னு எண்ணி எழுதி வச்சு, வெளியே வந்ததும் திரும்ப எண்ணுங்க. ஒண்ணு குறைஞ்சா தரைக்குள்ளதான் கிடக்கும், ஈரம் இருக்கிற பட்டையில விழுந்திருந்தா அப்பவே எடுத்துடலாம். அரிசி பேக் பண்ற ஹால்ல தரைக்குள்ள இரும்பு நட்டு உக்காந்திருக்குன்னு மில்காரர் கண்டுபிடிச்சா பில்லுல கை வச்சிடுவார்.