கடாலின் கராடி ஏன் திடீர்னு சினிமாவ விட்டு போனாங்க?

நேத்து தற்செயலா இந்த ஹங்கேரி நடிகையோட பாட்டு ஒண்ணு கேட்டேன், பொம்பள குரல் இவ்ளோ அடித்தொண்டையில இருக்குமானு அசந்துட்டேன். 1940கள்ல டாப் ஸ்டாராம், அப்புறம் ஆளையே காணோமே?

பதில்: 1939ல ஹலாலோஷ் தவாஸ் தான் முதல் படம், பால் யாவோர் ஜோடி, செம ஹிட்டு. 1944ல ஜெர்மன்காரன் உள்ள வந்ததும் கெஸ்டபோ (நாஜி ரகசிய போலீஸ்) புடிச்சு அடிச்சு சித்ரவதை பண்ணி மாசக்கணக்குல உள்ள வெச்சுட்டான்.

பதில்: மேட்டரே அதுக்கப்புறம் தான். டான்யூப் ஆத்தங்கரையில சுடறதுக்கு நிறுத்தி வெச்சிருந்த யூதக் குழந்தைங்கள தன்னோட நகைய குடுத்து மீட்டு வீட்லயே வெச்சு காப்பாத்துனாங்க. யாத் வஷேம் (யூத இனப்படுகொலைக்கான இஸ்ரேல் நினைவு அமைப்பு) 2004ல தான் கௌரவிச்சுது, அவங்க 1990லயே நியூயார்க்ல இறந்துட்டாங்க. லேட்டு, என்ன பண்றது.

பதில்: ப்ரோ கேட்டதுக்கு யாரும் நேரா சொல்லல. போருக்கப்புறம் வாய்ப்பே கொறஞ்சு போச்சு, கம்யூனிஸ்ட் ஆட்சியில இவங்கள ஓரங்கட்டிட்டாங்க, 1951ல நாட்ட விட்டே கெளம்பி பிரேசில்ல சாவோ பாலோ போய், கடைசில நியூயார்க்ல தொப்பிக்கடை வெச்சாங்க. ஸ்டாரா இருந்தவங்க தொப்பி வித்தாங்கனு நெனச்சா மனசு கேக்கல.

கேட்டவர்: தொப்பிக்கடையா!! சரி, அந்த முதல் படத்த இன்னிக்கே தேடறேன்.