லைசென்ஸ் கொடுக்கும் முன் ஊர்க்காரர்கள் எங்கே பேசலாம்? (சித்தூர் தாலுகா, பாலக்காடு)

வேலந்தாவளம் தென்னை:
வணக்கங்க. எங்க வார்டில் தென்னந்தோப்பு ஒன்றை வாங்கி வேலி போட்டிருக்காங்க. குளிர்பான கம்பெனின்னு சிலர், பூச்சிமருந்து ஆலைன்னு சிலர் சொல்றாங்க. அனுமதிக்கு முன்னாடி எங்களைக் கேட்டாகணுமா? இங்கே பலருக்கு மலையாளம் பேச வரும், எழுத வராது. தமிழில் மனு கொடுத்தா செல்லுமா?

எல்லையோரம்:
ரெண்டுக்கும் வழி வேறேங்க. எந்த ஆலைன்னு முதல்ல உறுதி பண்ணுங்க.

பூச்சிமருந்தின் மூல ரசாயனம் தயாரிக்கிறதுன்னா மத்திய அரசின் 2006 சுற்றுச்சூழல் தாக்க அறிவிக்கையில் வரும். அறிவிக்கப்பட்ட தொழிற்பேட்டைக்குள்ளே இல்லாதபட்சத்தில் கருத்துக் கேட்புக் கூட்டம் நடத்தணும். குறைஞ்சது 30 நாள் முன்னாடி பத்திரிகையில் விளம்பரம் வரணும். ஆலையின் சுற்றுச்சூழல் தாக்க அறிக்கை நகல் கலெக்டர் ஆபீஸ், மாவட்டத் தொழில் மையம் மாதிரி இடங்களில் இருக்கும். அந்த 30 நாளும் அதைப் படிக்கத்தான். தண்ணீர் எங்கிருந்து, கழிவு எங்கே போகுதுங்கிற பக்கங்களை மட்டுமாவது படிச்சிடுங்க.

கூட்டத்தைப் புறக்கணிக்காதீங்க. குறைந்தபட்சம் இத்தனை பேர் வரணும்னு விதியே கிடையாது. பத்து பேர் வந்தாலும் நடந்ததாகத்தான் கணக்கு. முடிவில் நடவடிக்கைக் குறிப்பை உள்ளூர் மொழியில் வாசிச்சு, கலெக்டரோ அவர் பிரதிநிதியோ அன்னைக்கே கையெழுத்துப் போடணும். உங்க பேச்சு அதில் விட்டுப்போயிருந்தா வீடியோ பதிவு ஓடும்போதே எழுந்து சொல்லுங்க. அனுமதி கொடுத்துட்டா சென்னை பசுமைத் தீர்ப்பாயத்துக்கு 30 நாளில் போகணும். தக்க காரணம் இருந்தா இன்னும் 60 நாள் வரை ஏற்கலாம்.

கிணத்துமேடு:
குளிர்பானம், பாட்டில் தண்ணீர் அந்த 2006 அறிவிக்கையின் அட்டவணையிலேயே இல்லைங்க. கூட்டம் வரும்னு காத்திருந்தா ஏமாந்துடுவீங்க. அங்கே பஞ்சாயத்து, மாசு கட்டுப்பாட்டு வாரியம், நிலத்தடி நீர்த் துறை மூணும்தான் வழி. அதிலும் கேரளத்தின் 2019 குறுசிறு தொழில் சட்டப்படி, சிவப்புப் பட்டியலில் (அதிகம் மாசு செய்யும் தொழில்கள்) இல்லாத சின்ன ஆலை, விண்ணப்பம் கிடைச்சதுன்னு தரும் ஒப்புகைச் சான்று வாங்கினாலே 3 வருஷம் பஞ்சாயத்து லைசென்ஸ் இல்லாம நடத்தலாம். அதனால பஞ்சாயத்து உங்களைக் கேட்கும்னு இருக்காதீங்க, நீங்களே கேளுங்க. வார்டு வாக்காளர்களில் 10 சதவீதம் பேர் பொருளைக் குறிச்சு எழுதிக் கொடுத்தா, கிராம சபையின் சிறப்புக் கூட்டம் கூட்டியாகணும்.

பிளாச்சிமடையை மறக்கக் கூடாது. பெருமாட்டி பஞ்சாயத்து 2003-ல் அங்கே இருந்த கோகோ கோலா ஆலையின் லைசென்ஸைப் புதுப்பிக்க மறுத்தது. அந்த டிசம்பரில் உயர் நீதிமன்றத் தனி நீதிபதி நிலத்தடி நீர் பொதுச் சொத்துன்னார். 2005-ல் டிவிஷன் பெஞ்ச் (இரு நீதிபதிகள்), நிபுணர் குழு அறிக்கையை வெச்சு, தினம் 5 லட்சம் லிட்டர் எடுக்க அனுமதிச்சது. ஊரோட வேதனை எவ்வளவு உண்மையா இருந்தாலும், கோர்ட்டில் நின்னது அளவுக் கணக்குதான்.

அதனால இன்னைக்கே தொடங்குங்க. கிணத்தில் மோட்டார் போடும் முன், காலையில், கல்லு கட்டின கயிறை இறக்கி, கிணத்து விளிம்பில் பிடிச்ச இடத்திலிருந்து நனைஞ்ச இடம் வரைக்கும் டேப்பால் அளந்து தேதியோட எழுதுங்க. சர்வே நம்பர், ஆழம், வேலியிலிருந்து தூரம் எல்லாம் ஒரே நோட்டில். மாசம் ஒரு தடவை, அதே கிணறு, அதே நேரம். நேரம் மாறினா, பக்கத்துத் தோட்டத்து மோட்டார் ஓடினதால மட்டம் இறங்கியிருக்கும், கணக்கு நிக்காது.

மனு எழுதுபவர்:
தமிழில் தாராளமா கொடுக்கலாம். அரசியலமைப்பின் 350-வது பிரிவுப்படி நாட்டில் புழங்கும் எந்த மொழியிலும் முறையீடு செய்யலாம். 1969 கேரள ஆட்சிமொழிச் சட்டம், சிறுபான்மை மொழிப் பகுதி அரசு அலுவலகங்களில் தமிழில் கடிதம் எழுதவும் தமிழிலேயே பதில் பெறவும் இடம் தருது. மனுவின் கடைசியில் "பதில் தமிழில் வேண்டும்" என்று ஒரு வரி சேருங்க.

ரெண்டு நகல் எடுத்துட்டுப் போய், ஒன்றில் சீல், தேதி, வரவு எண் போட்டு வாங்கணும். வாங்க மறுத்தா ஸ்பீடு போஸ்ட். 1974 நீர் மாசுத் தடுப்புச் சட்டம் 25(6) படி மாசு கட்டுப்பாட்டு வாரியம் வைத்திருக்கும் இசைவு (கழிவு வெளியேற்ற அனுமதி) பதிவேட்டைச் சம்பந்தப்பட்டவங்க பார்க்கலாம், எழுதிக் கேளுங்க.

இன்னொன்னு. கூட்டத்தில் கையெழுத்துத் தாள் நீட்டுவாங்க. மேலே தலைப்பு காலியா இருந்தா போடாதீங்க, பின்னாடி அதையே சம்மதக் கடிதமா மாத்திக் காட்ட முடியும். உங்க கையாலேயே "வருகைப் பதிவு மட்டும்" என்று எழுதி, தேதியும் போட்டு, அப்புறம் கையெழுத்துப் போடுங்க.