பொருள்: "ரூஜ்" – தமிழில் என்ன சொல்லலாம்? (லயனல் கானக்கர் கட்டுரைக்காக)

அன்புள்ள நண்பர்களுக்கு,

வணக்கம். கனடிய விளையாட்டு வீரர் லயனல் கானக்கர் பற்றிய கட்டுரை முக்கால்வாசி முடிந்துவிட்டது. ஒரே ஒரு சொல் வழியை மறித்துக்கொண்டு நிற்கிறது. நீங்கள் கை கொடுத்தால் இந்த வாரத்தில் முடித்துவிடுவேன்.

முதலில் ஆளைப் பற்றிக் கொஞ்சம். 1900இல் டொராண்டோவில் பிறந்தவர். அப்பா குதிரை வண்டியில் சரக்கு ஏற்றிப் பிழைத்தவர். வீட்டில் பத்துப் பிள்ளைகள், இவர் மூன்றாவது. எட்டாம் வகுப்போடு படிப்பு நின்றது, 14 வயதில் வேலைக்குப் போனார். ஐஸில் சறுக்கவே 16 வயதில்தான் கற்றார். கனடாவில் அது மிகவும் தாமதம். அப்படித் தொடங்கியவர் பிற்பாடு ஹாக்கியில் இரண்டு ஸ்டான்லி கோப்பைகளை வென்றார் (1934இல் சிகாகோ அணியில், 1935இல் மான்ட்ரியல் மரூன்ஸ் அணியில்). 1950இல் கனடியன் பிரஸ் செய்தி நிறுவனம் அரை நூற்றாண்டின் தலைசிறந்த கனடிய விளையாட்டு வீரர் என்று இவரைத்தான் தேர்ந்தெடுத்தது. ஊரார் வைத்த பட்டப்பெயர் "பெரிய ரயில்". நடுப்பெயர் பிரிட்டோரியா, தென்னாப்பிரிக்க நகரத்தின் பெயர்; அங்கே போயர் போர் நடந்துகொண்டிருந்த ஆண்டில் பிறந்த பிள்ளை.

ஆனால் அவருடைய பெயரை நாடு முழுக்கக் கொண்டுபோனது ஹாக்கி அல்ல, கனடியக் கால்பந்து (நாம் ஆடும் கால்பந்து அல்ல, பந்தைக் கையில் ஏந்தி ஓடும் அமெரிக்க ஆட்டத்தின் உறவு). 1921 பருவத்தில் டொராண்டோ ஆர்கனாட்ஸ் அணி எடுத்த 167 புள்ளிகளில் 85 இவர் ஒருவர் எடுத்தவை. அந்த ஆண்டு டிசம்பர் 3ஆம் தேதி டொராண்டோ வார்சிட்டி மைதானத்தில் கனடியக் கால்பந்தின் தலையாய கோப்பையான கிரே கோப்பைக்கு இறுதி ஆட்டம். மேற்கிலிருந்து ஓர் அணி அந்தக் கோப்பைக்காகக் கிழக்கே வந்து ஆடியது அதுவே முதல் முறை, வந்தது எட்மன்டன். ஆர்கனாட்ஸ் 23-0 என்று வென்றது. 23இல் 15 கானக்கருடையவை. அப்புறம் செய்ததுதான் எனக்கு இன்னும் வியப்பு. மூன்றாம் கால்பகுதி முடிந்ததும் களத்தைவிட்டுக் கிளம்பி, அன்றே தன் ஹாக்கி அணிக்காக ஆடப் போய்விட்டார்!

சரி, சிக்கலுக்கு வருகிறேன். அந்த 15 புள்ளிகளையும் வாசகருக்குப் பிரித்துக் காட்ட வேண்டும். இப்போது என் வரைவில் இருப்பது:

டச்டவுன் 2 (பந்தோடு எதிரணியின் கோட்டைத் தாண்டுவது, அன்றைய கணக்கில் ஒன்றுக்கு 5 புள்ளி) – 10
துள்ளுதை 1 – 3
ரூஜ் 2 – 2

டச்டவுனை அப்படியே வைத்துக்கொள்ளலாம் என்பது என் எண்ணம். தொலைக்காட்சி வழியாக நம் ஆட்களுக்குப் பழகிவிட்ட சொல். அதை வலிந்து மாற்றினால் வாசகர் தடுக்கி விழுவார். 1956இல்தான் அது 6 புள்ளி ஆனது என்று ஓர் அடைப்புக்குறி போட்டால் போதும்.

"துள்ளுதை" நான் கட்டியது. பந்தைக் கையிலிருந்து நழுவவிட்டு, அது தரையில் பட்டு எழும்பும் அதே நொடியில் உதைப்பது. கம்பங்களுக்கு நடுவே போனால் 3 புள்ளி. போன ஞாயிறு இங்கே ஸ்கார்பரோ பூங்காவில் மகனோடு நானே முயன்று பார்த்தேன். பந்து முட்டை வடிவம். முனை நேராகத் தரையில் பட்டால் நேராக எழும்புகிறது. ஒரு விரற்கடை சாய்ந்தால் போச்சு, முழங்காலுக்கு வருகிறது, இல்லை பக்கத்து வேலிக்குப் போகிறது. முப்பது தடவைக்கு மேல் விட்டுப் பார்த்ததில் நான்கு உருப்படியாகப் போயின. கானக்கர் காலத்துப் பந்து இன்னும் உருண்டை. பிறகு கையால் வீசுவதற்கு வசதியாகப் பந்தை ஒடுக்கினார்கள், இந்த உதை அருகிவிட்டது. மற்ற இரண்டு உதைகளையும் சேர்த்தே கட்டிவிட்டேன்: தரையில் நிறுத்திவைத்து உதைப்பது "நிறுத்துதை", கையில் ஏந்திய பந்தைத் தரையில் படுமுன் உதைப்பது "ஏந்துதை".

நான் நிற்பது ரூஜில். எதிரணியின் கோட்டுக்கு அப்பால் உள்ள முனைக்களத்துக்குள் (தெருமுனை என்று சொல்கிறோமே, அந்த முனை, போன மாதம் நாம் இங்கே முடிவு செய்த சொல்) ஒருவர் பந்தை உதைத்து அனுப்புகிறார். எதிரணி அதைப் பிடித்து ஓடி வெளியே கொண்டுவந்துவிட்டால் ஒன்றுமில்லை. கொண்டுவர முடியாமல் உள்ளேயே அமுக்கப்பட்டால் உதைத்த அணிக்கு 1 புள்ளி. அமெரிக்க ஆட்டத்தில் இப்படி ஒன்று கிடையாது. கனடிய ஆட்டத்தின் கையெழுத்தே இதுதான். இங்கத்திய அட்டவணைகளில் "சிங்கிள்" என்றும் எழுதுவார்கள், வாய்ப்பேச்சில் ரூஜ்.

ஒலிபெயர்த்து விட்டுவிடலாமே என்று கேட்பீர்கள். "ரூஜ்" தமிழ் வாசகருக்கு எதையும் சொல்லாது, சொன்னாலும் முகப்பூச்சைத்தான் சொல்லும். என் வரைவை ஒருவர் இயந்திர மொழிபெயர்ப்பில் சோதித்துப் பார்த்தபோது "கானக்கர் 2 சிவப்பு எடுத்தார்" என்று வந்தது. பிரெஞ்சில் சிவப்புக்கு அதே சொல்தான், ஆனால் இங்கே நிறத்துக்கு வேலையே இல்லை. இங்கிலாந்தின் ஈட்டன் பள்ளியில் ஆடும் பழைய கால்பந்திலும் இதே பெயரில் புள்ளி எடுக்கும் வழி ஒன்று உண்டு. "ஒற்றைப்புள்ளி" என்று வைத்தால் மெய்யெழுத்தின் தலையில் வைக்கும் புள்ளி நினைவுக்கு வருகிறது.

என் முன்மொழிவு: "மடக்கு". சடுகுடுவில் பாடி வந்தவனைக் கோட்டுக்கு இப்பால் மடக்கிப் பிடிக்கிறோம் அல்லவா, அதே செயல். "கானக்கர் 2 மடக்கு" என்று நேர்முக வர்ணனையிலும் வாய்க்கு வரும். உங்கள் கருத்து?

அன்புடன்,
டொராண்டோவிலிருந்து

----------

> என் முன்மொழிவு: "மடக்கு".

தம்பி, வணக்கம்.

உதை மூன்றும் நன்றாக அமைந்திருக்கின்றன. நிறுத்து + உதை, ஏந்து + உதை இரண்டும் குற்றியலுகரப் புணர்ச்சி, கேள்வியே இல்லை. "துள்ளு" முற்றியலுகரம் என்று யாராவது எழுந்தால், முற்றியலுகரமும் சில இடங்களில் அப்படிக் கெடும் என்று நன்னூலே இடம் தருகிறது. கதவு + அழகு கதவழகு ஆவதைப் போல. அதையும் வைத்துக்கொள்ளுங்கள்.

"மடக்கு" பற்றித்தான் எனக்குத் தயக்கம். அணியிலக்கணத்தில் மடக்கணி (வந்த சொல்லே வேறு பொருளில் மீண்டும் வருவது) இருக்கிறது என்பதற்காகச் சொல்லவில்லை. களம் வேறு, குழப்பம் வராது. நீங்கள் சொன்ன விதியையே திரும்பப் படித்தேன், கூடவே ஆட்ட விதிகளையும் கொஞ்சம் தேடிப் பார்த்தேன். உதைத்த பந்து முனைக்களத்தில் விழுந்து, யார் கையிலும் படாமல் உருண்டு பின்கோட்டைத் தாண்டிப் போனாலும் அந்த 1 புள்ளி கிடைத்திருக்கிறது. அங்கே யார் யாரை மடக்கினார்கள்? சொல் பாதிப் பொருளைத்தான் தாங்குகிறது.

இரண்டு நிகழ்விலும் பொதுவாக உள்ளது எது? போன பந்து களத்துக்குத் திரும்பவில்லை. ஆகவே "மீளாப்புள்ளி" என்கிறேன். செல்லாக்காசு, ஓடாக்குதிரை போல ஈறுகெட்ட எதிர்மறைப் பெயரெச்சம். ஒற்று மிகும், "மீளாபுள்ளி" என்று எழுதிவிடாதீர்கள்.

வீரரின் பெயரை எப்படி உச்சரிக்கிறார்கள் என்றும் உறுதி செய்யுங்கள். இணையத்தில் "கொனாச்சர்" என்று ஒரு தமிழ்ப் பக்கத்தில் பார்த்தேன்.

அன்புடன்,
மதுரை

----------

> ஆகவே "மீளாப்புள்ளி" என்கிறேன்.

ஐயா, தம்பி, இருவருக்கும் வணக்கம்.

ஐயா சொன்ன காரணம் சரி, மறுக்கவில்லை. ஆனால் "மீளாப்புள்ளி" என்று படித்ததும் என் மனத்தில் வந்தது விளையாட்டே அல்ல. இனித் திரும்பிப்போக முடியாத கட்டம் என்றுதான் தோன்றியது. பக்கத்தில் இருந்த என் மாணவி ஒருத்தியிடம் எதையும் விளக்காமல் சொல்லைமட்டும் காட்டினேன். அவளும் அதையேதான் சொன்னாள். கட்டுரை படிக்கிறவர் "கானக்கர் 2 மீளாப்புள்ளி எடுத்தார்" என்பதைப் பார்த்தால் அவருக்கு ஏதோ விபரீதம் நடந்துவிட்டது என்று நினைப்பார்.

இன்னொன்று கேட்க வேண்டும். இந்த 1 புள்ளிக்கு இவ்வளவு மெனக்கெடுவது அவசியமா தம்பி? மொத்தம் 15இல் 2தானே. "உதைமூலம் 2 புள்ளி" என்று எழுதிவிட்டுப் போனால் என்ன?

அன்புடன்,
அக்கா

----------

> இந்த 1 புள்ளிக்கு இவ்வளவு மெனக்கெடுவது அவசியமா தம்பி?

அக்கா, அவசியம். கொஞ்சம் நீளமாகவே சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

"உதைமூலம் 2 புள்ளி" என்றால் துள்ளுதையில் வந்த 3 புள்ளிகளும் உதைமூலம் வந்தவைதாமே, இரண்டும் கலந்துவிடும். அதைவிடப் பெரிய காரணம் ஒன்று இருக்கிறது. அந்தக் காலத்து ஆட்டத்தையே இந்த 1 புள்ளி தெரியாமல் புரிந்துகொள்ள முடியாது. கனடிய ஆட்டத்தில் பந்தை 10 கஜம் முன்னே கொண்டுபோக மூன்றே வாய்ப்பு; அமெரிக்காவில் நான்கு. பந்தை முன்னோக்கி வீசும் உரிமை 1929க்கு முன் இங்கே இல்லவே இல்லை. அப்படியானால் என்ன செய்வார்கள்? முட்டி மோதி ஓடுவார்கள், முடியாதபோது உதைப்பார்கள். தூரமாகவும் எதிரணி எட்டிப் பிடிக்க முடியாத இடத்திலும் உதைக்கத் தெரிந்தவன்தான் அணிக்கு உயிர். 1909இல் நடந்த முதல் கிரே கோப்பை இறுதியில் டொராண்டோ பல்கலைக்கழகம் 26-6 என்று வென்றது. அதில் ஹியூ கால் என்ற ஒருவர் மட்டும் இப்படி 8 புள்ளி எடுத்தார், ஒவ்வொன்றாக! இதற்கு ஒரு பெயர் இல்லாமல் அவரை எப்படி எழுதுவது?

கானக்கரின் பெருமையும் இங்கேதான் தெரிகிறது. ஓடத் தெரிந்தவன் ஓடுவான், உதைக்கத் தெரிந்தவன் உதைப்பான். இவர் இரண்டையும் செய்தார். எட்மன்டனுக்கு எதிரான அந்த 15ஐப் பாருங்கள்: 10 புள்ளி ஓடியது, 3 புள்ளி துல்லியமாக உதைத்தது, 2 புள்ளி தூரமாக உதைத்தது. அன்று எட்மன்டன் தடுக்க வேண்டிய மூன்று ஆட்களும் ஒரே ஆளாக நின்றார்கள். அந்த 2ஐ மழுப்பிவிட்டால் கணக்கு சரியாக இருக்கும், மனிதர் பாதியாகிவிடுவார்.

அந்த ஆண்டு ஆட்டமே மாறிக்கொண்டிருந்தது என்பதையும் கட்டுரையில் சேர்த்திருக்கிறேன். 14 பேர் ஆடிய அணி 12 ஆனது 1921இல்தான். பந்தைக் குதிகாலால் பின்னே தள்ளிய ரக்பி வழக்கம் போய், நடுவில் நிற்பவர் கையால் பின்னே கொடுக்கும் முறை வந்தது. ஆட்கள் குறைந்து களம் விரிந்தது. வேகமும் உடல் கனமும் ஒருசேர இருந்த ஆளுக்கு அதைவிட வேறென்ன வேண்டும்?

சரி, சொல்லுக்கு வருகிறேன். ஐயா, "மடக்கு" பாதிதான் தாங்குகிறது என்பதை ஒத்துக்கொள்கிறேன். யார் கையிலும் படாமல் உருண்டோடும் பந்தை நான் யோசிக்கவே இல்லை. அதைக் கைவிடுகிறேன். அக்கா, "மீளாப்புள்ளி"யில் நீங்கள் கண்ட குறை "மீளா"வில் இல்லை, "புள்ளி"யில் இருக்கிறது. மீளாதது புள்ளி அல்ல, பந்து. ஆகவே:

மீளாப்பந்து.

டச்டவுன் என்ற பெயரில் புள்ளி என்ற சொல் இல்லை, துள்ளுதையிலும் இல்லை. இரண்டுமே செயலின் பெயர்கள். அவற்றுக்கு எத்தனை புள்ளி என்பது விதி. அந்த வரிசையில் மீளாப்பந்தும் இயல்பாக உட்காருகிறது. மடக்கிப் பிடித்தாலும் பந்து மீளவில்லை, பின்கோட்டைத் தாண்டினாலும் மீளவில்லை. கம்பங்களைக் குறிவைத்து உதைத்துத் தவறிய பந்தை எதிரணி வெளியே கொண்டுவர முடியாமல் மாட்டிக்கொண்டாலும் அதேதான். எதிரணி வெளியே கொண்டுவந்துவிட்டால் "பந்து மீண்டது, புள்ளி இல்லை" என்று வினையாகவும் எழுதலாம். நேற்று மகனிடம் இந்தச் சொல்லைமட்டும் சொல்லி என்னவாக இருக்கும் என்று கேட்டேன். "போன பந்து திரும்பி வரல" என்றான்.

இனி அந்தப் பத்தி இப்படி:

"கானக்கர் அந்த ஆட்டத்தில் இரண்டு டச்டவுன், ஒரு துள்ளுதை, இரண்டு மீளாப்பந்து என 15 புள்ளிகள் எடுத்தார்."

முதல் முறை வரும் இடத்தில் "ரூஜ்" என்ற பெயரையும் ஒரு வரி விளக்கத்தோடு தருகிறேன். ஐயாவும் அக்காவும் ஒப்பினால் சொற்பட்டியலில் ஏற்றிவிடுவேன்.

பெயர் பற்றி: குடும்பத்தின் உச்சரிப்பு "கானக்கர்", நடுவில் ககரம், சகரம் இல்லை. ஒற்றை ககரமாக எழுதினால் "கானகர்" என்று மென்மையாகப் படித்துவிடுவார்கள் என்பதால்தான் ஒற்றை இரட்டித்தேன்.

கடைசிப் பகுதிக்கும் ஒரு சொல் வேண்டும். மறுபடியும் உங்கள் தலையில்தான் கட்டுகிறேன். 1922இல் ஒரே நாளில் கானக்கர் பேஸ்பாலில் ஓர் அடி அடித்து மூன்றாம் தளம் (ஆங்கிலத்தில் "பேஸ்") வரை ஓடி, தன் அணிக்குச் சாம்பியன் பட்டத்தை வென்று கொடுத்தார். உடனே ஊரின் மறுபக்கம் போய் லக்ராஸ் (வலை கட்டிய கோலால் பந்தை ஏந்தி எறியும் ஆட்டம்) இறுதி ஆட்டத்தில் 4 கோல் போட்டார். 32 ஆண்டுகள் கழித்து, 1954 மே 26 அன்று, அவர் நாடாளுமன்ற உறுப்பினர். ஒட்டாவாவில் நாடாளுமன்றப் புல்வெளியில் உறுப்பினர்களுக்கும் செய்தியாளர்களுக்கும் பேஸ்பாலைப் போன்ற சாஃப்ட்பாலில் நட்புமுறை ஆட்டம். பந்தை நெடுந்தூரம் அடித்தார், மூன்றாம் தளத்துக்கு ஓடினார், அங்கேயே மாரடைப்பில் விழுந்து இறந்தார். வயது 54.

இரண்டு நாளிலும் அவர் அடித்தது ஒரே அடி, ஆங்கிலத்தில் "டிரிபிள்". இரண்டு பத்தியிலும் ஒரே சொல் வர வேண்டும் என்று விரும்புகிறேன். "முத்தள அடி" என்று எழுதி வைத்திருக்கிறேன். மூன்று மாடிக் கட்டடம்போல ஒலிக்கிறதா?

அன்புடன்,
டொராண்டோவிலிருந்து