ஒரே வாக்காளர், இரண்டு பாராளுமன்றங்கள்: சமஷ்டி நாட்டில் யார் யாருக்கு மேல்?

கிளிநொச்சி ஆசிரியை எழுதிய கேள்வி:

அனைவருக்கும் வணக்கம். உயர்தர வகுப்புக்கு அரசியல் விஞ்ஞானம் கற்பிக்கிறேன். எழுதப்பட்ட அரசியலமைப்பு, அதிகாரப் பங்கீடு, இரு சபைகள், சுதந்திரமான நீதித்துறை என்று சமஷ்டியின் பண்புகளை மாணவர்கள் மனனம் செய்து புள்ளிகளையும் பெற்றுவிடுகிறார்கள். ஆனால் அண்மையில் ஒரு மாணவி எழுப்பிய கேள்விக்கு நிறைவான பதிலைச் சொன்னதாக நான் கருதவில்லை. அவளுடைய மாமா மெல்பேர்ணில் வசிக்கிறார். அவர் 2022 மே மாதத்தில் கான்பராவில் உள்ள அவுஸ்திரேலிய மத்திய பாராளுமன்றத்துக்கும், அதே ஆண்டு நவம்பரில் விக்டோரியா மாநிலப் பாராளுமன்றத்துக்கும் வாக்களித்திருக்கிறார். "மே மாதத்தில் தெரிவானவர்கள் நினைத்தால் நவம்பரில் தெரிவானவர்களை வீட்டுக்கு அனுப்ப முடியாதா, ரீச்சர்?" என்பதே அவளுடைய கேள்வி.

அதையே சற்று விரித்துக் கேட்கிறேன். இரண்டு தேர்தல்களையும் நடத்துபவர் யார், திகதியைத் தீர்மானிப்பவர் யார்? இரண்டு பாராளுமன்றங்களும் ஒரே விடயத்தில் முரண்பட்டால் எது செல்லும்? தொகுதி எல்லைகளை யார் வகுக்கிறார்கள்? கடைசிக் கேள்விக்கு உள்ளூர்க் காரணம் ஒன்றும் உண்டு. கிளிநொச்சியில் உள்ள நாங்கள் வன்னியின் நடுவில் இருந்துகொண்டே பாராளுமன்றத் தேர்தலில் யாழ்ப்பாணத் தேர்தல் மாவட்டத்தில் வாக்களிக்கிறோம். வன்னித் தேர்தல் மாவட்டம் மன்னார், வவுனியா, முல்லைத்தீவு மாவட்டங்களை மட்டுமே கொண்டது. மாகாண சபைத் தேர்தலிலோ கிளிநொச்சிக்குத் தனியாக நான்கு ஆசனங்கள் இருந்தன. இதைக் கண்டு வளர்ந்த பிள்ளைகளுக்கு எல்லை என்பது யாரோ எங்கோ இருந்து கீறுகிற கோடாகவே தெரிகிறது.

ஒட்டுசுட்டானிலிருந்து டண்டினோங்குக்குச் சென்றவர் எழுதிய பதில்:

ஆசிரியைக்கு வணக்கம். மெல்பேர்ணின் தென்கிழக்கில் வசிக்கிறேன். தேர்தல் நாட்களில் வாக்களிப்பு நிலையங்களில் தற்காலிகப் பணியாளராக இருந்திருக்கிறேன். ஆகவே நடைமுறையை மட்டும் எழுதுகிறேன். அரசியலமைப்பு விளக்கத்தை அதைக் கற்றவர்கள் எழுதட்டும்.

மத்திய தேர்தலை அவுஸ்திரேலியத் தேர்தல் ஆணைக்குழுவும், மாநிலத் தேர்தலை விக்டோரியத் தேர்தல் ஆணைக்குழுவும் நடத்துகின்றன. இரண்டும் வெவ்வேறு சட்டங்களின் கீழ் அமைந்தவை. ஒன்று மற்றொன்றின் கிளை அலுவலகம் அன்று. எல்லை நிர்ணயமும் அவ்வாறே தனித்தனியாக நடைபெறுகிறது. 2025 மே 3 ஆம் திகதி நடைபெற்ற மத்திய தேர்தலில் விக்டோரியாவுக்கு 38 தொகுதிகள் இருந்தன. அதே நிலப்பரப்பு மாநிலச் சட்டசபைக்காக 88 தொகுதிகளாகப் பிரிக்கப்பட்டுள்ளது. ஒரே வீதியில் எதிரெதிரே வசிப்பவர்கள் மத்தியில் ஒரே உறுப்பினரையும் மாநிலத்தில் இரு வேறு உறுப்பினர்களையும் கொண்டிருப்பது இங்கே சாதாரணம்.

வாக்களிக்க வருபவரிடம் முழுப்பெயரையும் முகவரியையும் கேட்போம். இந்தத் தேர்தலில் ஏற்கெனவே வாக்களித்தீர்களா என்றும் கேட்போம். பின்னர் இடாப்பில் பெயரைக் குறித்து, சீட்டில் சுருக்கொப்பமிட்டுக் கொடுப்போம். அடையாள அட்டை கேட்பதில்லை, விரலில் மை பூசுவதுமில்லை. ஊரிலிருந்து புதிதாக வந்து குடியுரிமை பெற்றவர்கள் இதை நம்ப மறுத்து, பணப்பையிலிருந்து அட்டையை எடுத்து நீட்டிக்கொண்டே நிற்பார்கள். மத்திய தேர்தலில் இரண்டு சீட்டுகள் உண்டு. பச்சைச் சீட்டு கீழவையான பிரதிநிதிகள் சபைக்கு உரியது. அதில் உள்ள எல்லா வேட்பாளர்களுக்கும் 1, 2, 3 என்று இலக்கமிட வேண்டும். ஒருவரும் பாதிக்கு மேல் பெறாவிட்டால், கடைசியில் நிற்பவரை நீக்கி அவருடைய சீட்டுகளை அடுத்த விருப்பத்தின்படி பகிர்வார்கள். ஒருவர் பாதியைத் தாண்டும் வரை இது தொடரும். 2024 செப்டெம்பரில் இலங்கை சனாதிபதித் தேர்தலில் முதன்முறையாக இரண்டாம் விருப்பு எண்ணப்பட்டதை மாணவர்கள் கண்டிருப்பார்கள். அங்கே முதலிருவரைத் தவிர மற்ற அனைவரும் ஒரேயடியாக நீக்கப்பட்டனர். இங்கே ஒவ்வொருவராக நீக்கப்படுகிறார்கள்.

வெள்ளைச் சீட்டு மேலவையான செனற் சபைக்கு உரியது. மேசையில் மடிக்க இடம் போதாத நீளத்தில் அது வந்த தேர்தல்களும் உண்டு. அங்கே ஒவ்வொரு மாநிலமும் ஒரே தொகுதியாகக் கருதப்பட்டு, வழமையான தேர்தலில் 6 பேர் விகிதாசார முறையில் தெரிவாகிறார்கள்.

திகதியைப் பொறுத்தவரை, பிரதிநிதிகள் சபையின் ஆயுள் அதிகபட்சம் மூன்று ஆண்டுகள். அதற்குள் எப்போது தேர்தல் என்பதைப் பிரதமரே பெரும்பாலும் தீர்மானிக்கிறார். விக்டோரியாவிலோ நான்கு ஆண்டுகளுக்கு ஒருமுறை நவம்பர் மாதத்தின் கடைசிச் சனிக்கிழமை என்று மாநிலச் சட்டமே குறித்துவிட்டது. மத்திய தேர்தல் நாளன்று, ஆளுநர் நாயகத்தின் அனுமதியின்றி மாநிலத் தேர்தல் நடத்தக்கூடாது என்ற ஒரு விலக்கு மத்திய சட்டத்தில் இருக்கிறது. அது அந்த ஒரு நாளுக்கு மட்டுமே உரியது. தேர்தலை ஆண்டுக்கணக்கில் தள்ளிப்போட அதில் இடமில்லை.

வவுனியா ஓய்வூதியர் எழுதிய பதில்:

டண்டினோங் தம்பி எழுதியதற்கு மேல் நடைமுறையைப் பற்றி நான் சேர்ப்பதற்கு எதுவுமில்லை. கச்சேரியில் (மாவட்டச் செயலகத்தில்) பணியாற்றிய காலத்தில் நம் நாட்டின் எல்லா வகைத் தேர்தல்களிலும் கடமை செய்தவன் என்ற முறையில், மாணவியின் கேள்வியே பாடநூலின் பண்புகள் அனைத்தையும் விடக் கூர்மையானது என்பேன். ஒரு நாடு உண்மையில் சமஷ்டியா என்று அறிய விரும்பினால், இரண்டாம் சபை இருக்கிறதா, அதிகாரப் பட்டியல்கள் இருக்கின்றனவா என்று எண்ணிக்கொண்டிருப்பதற்கு முன்பாக, மாநிலத்தில் உள்ள சபையின் வாயை மத்தியில் உள்ள சபை அடைக்க முடியுமா என்பதையே பார்க்க வேண்டும்.

அவுஸ்திரேலியாவில் 1901 இல் சமஷ்டி தோன்றுவதற்கு முன்பே அந்த ஆறு மாநிலங்களும் தத்தம் பாராளுமன்றங்களுடன் தனித்தனிக் குடியேற்றங்களாக இருந்தன. ஆகவே மாநிலங்களை மத்தி படைக்கவில்லை. அவற்றின் அரசியலமைப்புகள் தொடரும் என்று சமஷ்டி அரசியலமைப்பின் 106 ஆம் பிரிவு உறுதி கூறுகிறது. குயீன்ஸ்லாந்து 1922 இல் தன் மேலவையை ஒழித்தபோது அது அந்த மாநிலத்தின் முடிவாகவே இருந்தது. மாநில ஆளுநரைக்கூடக் கான்பரா நியமிப்பதில்லை. மாநில முதல்வரின் ஆலோசனைப்படி அரசரே நியமிக்கிறார்.

முரண்பட்டால் எது செல்லும் என்பதற்கு 109 ஆம் பிரிவு தெளிவாகப் பதில் சொல்கிறது: செல்லுபடியாகும் மத்திய சட்டமே மேலோங்கும். "செல்லுபடியாகும்" என்பதில்தான் வழக்கு முழுவதும் இருக்கிறது. தாஸ்மேனியாவில் பிராங்ளின் ஆற்றைத் தடுத்து நீர்மின் அணை கட்டுவோம் என்று கூறியவர்கள் 1982 இல் மாநிலத் தேர்தலில் வென்றார்கள். அணையைத் தடுப்போம் என்று கூறிய பொப் ஹோக்கின் கட்சி 1983 மார்ச்சில் மத்திய தேர்தலில் வென்றது. இரண்டு அரசுகளும் மக்கள் ஆணை பெற்றவை. தாஸ்மேனிய வாக்காளர்கள் இரண்டு தேர்தல்களிலும் வாக்களித்தவர்கள். அந்தப் பகுதி உலக மரபுரிமைப் பட்டியலில் 1982 டிசெம்பரில் சேர்க்கப்பட்டிருந்ததால், வெளிவிவகாரம் பற்றிய தன் அதிகாரத்தைக் கொண்டு மத்திய பாராளுமன்றம் அணையைத் தடுக்கும் சட்டத்தை இயற்றியது. 1983 ஜூலை 1 அன்று நீதிமன்றம் நான்குக்கு மூன்று என்ற கணக்கில் அச்சட்டம் செல்லும் என்றது. ஆணை பெரியவருக்கா சிறியவருக்கா என்று நீதிபதிகள் பார்க்கவில்லை; அந்த விடயம் மத்தியின் பட்டியலுக்குள் வருகிறதா என்று மட்டுமே பார்த்தார்கள். தோற்ற பிறகும் தாஸ்மேனியப் பாராளுமன்றம் கலையவில்லை, அதன் அரசும் பதவி விலகவில்லை என்பதை மாணவர்களுக்கு அழுத்திச் சொல்லுங்கள்.

அதே நாட்டில் இன்னொரு வகை ஆட்சிப் பிரிவும் உண்டு. வட பிராந்தியம் மாநிலமன்று. 1978 இல் மத்திய பாராளுமன்றம் இயற்றிய சட்டத்தினால் சுயாட்சி பெற்றது. தீரா நோயுற்றவர் மருத்துவ உதவியுடன் உயிர்விட அனுமதிக்கும் சட்டத்தை அதன் சட்டசபை 1995 இல் நிறைவேற்றியது. 1997 இல் கான்பரா அதைச் செயலற்றதாக்கியது. அதற்கும் மேலாக, இன்னொரு பிராந்தியமான நோர்போக் தீவின் சட்டசபையை 2015 இல் மத்திய பாராளுமன்றம் அடியோடு ஒழித்தே விட்டது. தேர்தல்கள், முதலமைச்சர், அமைச்சரவை, சபாநாயகர் என்று பார்வைக்கு எல்லாம் ஒன்றுபோலவே இருந்தாலும், மாநிலத்தின் வாயை அடைக்க முடியாது, பிராந்தியத்தின் வாயை அடைக்கலாம். நமது மாகாண சபையை விக்டோரியாவுடன் ஒப்பிட்டு ஆசிரியர்கள் பட்டியல் போடுவதைக் கண்டிருக்கிறேன். என் கணிப்பில் வட பிராந்தியத்துடன் ஒப்பிடுவதே பொருத்தம்.

1987 நவம்பரில் வந்த 13 ஆவது திருத்தத்தின்படி மாகாண சபைகளுக்கு ஒரு நிரல் (அதிகாரப் பட்டியல்) இருக்கிறது. ஆனால் எல்லா விடயங்களிலும் தேசியக் கொள்கை என்பது மத்தியின் ஒதுக்கிய நிரலில் உள்ளது. ஆளுநரைச் சனாதிபதி நியமிக்கிறார். சபைகளின் சம்மதம் இல்லாவிட்டாலும் மூன்றில் இரண்டு பெரும்பான்மையால் பாராளுமன்றம் அந்த அத்தியாயத்தையே மாற்றலாம். இவையெல்லாம் ஏட்டில் உள்ளவை. நடைமுறையில் நடந்ததோ இன்னும் எளிமையானது. வட மாகாண சபையின் முதல் தேர்தல் 2013 செப்டெம்பர் 21 அன்று நடைபெற்று, அதன் ஆயுள் 2018 ஒக்டோபரில் முடிந்தது. தேர்தல் முறையை மாற்றும் சட்டத்தைப் பாராளுமன்றம் 2017 இல் நிறைவேற்றியது; அதன்படி வந்த எல்லை நிர்ணய அறிக்கையை 2018 ஓகஸ்டில் அதே பாராளுமன்றம் நிராகரித்தது. பழைய முறை போய்விட்டது, புதிய முறைக்கு எல்லைகள் இல்லை. அதோடு ஒன்பது மாகாணங்களிலும் தேர்தல் நின்று, ஆட்சி ஆளுநர்களின் கைக்குப் போயிற்று. எந்தச் சபையையும் யாரும் கலைக்கவில்லை. கலைக்கத் தேவையும் இருக்கவில்லை.

மன்னாரைச் சேர்ந்தவர் எழுதிய பதில்:

வவுனியா ஐயாவின் அளவுகோலை மதிக்கிறேன். ஆயினும் அதை அப்படியே பிடித்தால் இந்தியா சமஷ்டி நாடே அன்று என்றாகிவிடும். அங்கே லோக்சபைத் தேர்தலையும் சட்டமன்றத் தேர்தலையும் நடத்துவது ஒரே தேர்தல் ஆணையம். ஆளுநரைக் குடியரசுத் தலைவர் நியமிக்கிறார். 356 ஆவது பிரிவைக் கொண்டு 1976, 1980, 1991 ஆகிய ஆண்டுகளில் தமிழ்நாட்டு அரசுகள் கலைக்கப்பட்டதை நம் பெற்றோர் வானொலியில் கேட்டவர்கள். எனினும் 1994 இல், கர்நாடக முன்னாள் முதல்வர் எஸ்.ஆர். பொம்மையின் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்த பின்னர் அவ்வாறு கலைப்பது அரிதாகிவிட்டது. பெரும்பான்மை உண்டா இல்லையா என்பதைச் சட்டமன்றத்திலேயே சோதிக்க வேண்டும் என்று அது கூறியது. ஆகவே சமஷ்டி என்பது இருக்கிறது, இல்லை என்று இரண்டாக வெட்டக்கூடியது அன்று; நீதிமன்றமும் கட்சிகளும் காலப்போக்கில் கூட்டியும் குறைத்தும் வைப்பது.

இரண்டாம் சபையைப் பற்றியும் ஒரு சொல். அது மாநிலங்களின் குரல் என்று பாடநூல் கூறும். கனடாவின் செனற்றில் உள்ள 105 பேரும் மத்திய பிரதமரின் ஆலோசனைப்படி நியமிக்கப்பட்டு 75 வயது வரை இருப்பவர்கள். மாகாணங்களுக்கு அதில் என்ன குரல்? தமிழ்நாட்டின் 18 ராஜ்யசபை உறுப்பினர்களைச் சட்டமன்ற உறுப்பினர்கள் தெரிவு செய்கிறார்கள். ஜெர்மனியிலோ மாநில அரசுகளே தம் அமைச்சர்களை மேலவைக்கு அனுப்புகின்றன. ஒரு மாநிலத்தின் வாக்குகள் அனைத்தும் ஒரே பக்கம் விழ வேண்டும். அதுதான் உண்மையான மாநிலக் குரல் என்பது என் எண்ணம்.

வவுனியா ஓய்வூதியர்:

இந்தியா பற்றிக் கூறியதை ஏற்கிறேன். அவுஸ்திரேலிய செனற்றிலும் ஆறு இலட்சத்துக்குக் குறைவான மக்களைக் கொண்ட தாஸ்மேனியாவுக்கும் எண்பது இலட்சத்தைத் தாண்டிய நியூ சவுத் வேல்ஸுக்கும் தலா 12 பேர்தான். ஆனால் உள்ளே போனதும் அவர்கள் கட்சிப்படியே வாக்களிக்கிறார்கள். எனினும் தம்பி, 1976 இல் கலைக்கப்பட்ட தமிழ்நாட்டுச் சட்டமன்றத்துக்கு 1977 இல் தேர்தல் நடந்தது; நமது மாகாண சபைகளுக்கோ கலைக்காமலே தேர்தல் நின்றது.

கிளிநொச்சி ஆசிரியை:

மாநிலம், பிராந்தியம் என்ற வேறுபாட்டையே அடுத்த பாடத்துக்கு எடுத்துக்கொள்கிறேன். பிராங்ளின் அணை வழக்கை இரணைமடுக் குளத்தைக் கண்டு வளர்ந்த பிள்ளைகளுக்கு விளக்குவது கடினமாக இராது. மாணவியின் சார்பில் இன்னொன்று கேட்க வேண்டும்: அவளுடைய மாமா இரண்டு தேர்தல்களுக்கும் இரண்டு முறை பதிவு செய்ய வேண்டியிருந்ததா?

ஒட்டுசுட்டானிலிருந்து டண்டினோங்குக்குச் சென்றவர்:

இல்லை. ஒரே விண்ணப்பம் போதும். மத்திய, மாநில ஆணைக்குழுக்கள் உடன்படிக்கை செய்துகொண்டு பதிவைப் பகிர்கின்றன. அதே பதிவு உள்ளூராட்சித் தேர்தலுக்கும் பயன்படுகிறது. முகவரி மாறினால் அறிவிக்க வேண்டும். இரண்டு தேர்தல்களிலும் வாக்களிப்பது கட்டாயம் என்பதால், தக்க காரணமின்றித் தவறினால் அபராதக் கடிதம் மட்டும் அந்தந்த ஆணைக்குழுவிடமிருந்து தனித்தனியாக வரும்.