வெய்ன் ஷார்ட்டரின் 'ஸ்பீக் நோ ஈவில்': எண்ணிக்கை ஏன் தவறுகிறது?

கேள்வி:
அனைவருக்கும் வணக்கம். ஆர்ட் பிளேக்கியின் ஜாஸ் மெசஞ்சர்ஸ் குழுவின் பதிவுகள் வழியாகவே வெய்ன் ஷார்ட்டரின் டெனர் சாக்ஸபோன் எனக்கு அறிமுகமானது. அந்தப் பழக்கத்தோடு, அவர் தலைமையேற்ற 'ஸ்பீக் நோ ஈவில்' தொகுப்பைக் கேட்கிறேன். டெனர், டிரம்பெட், பியானோ, பேஸ், டிரம்ஸ் என்று கருவிகள் பழகியவைதாம். ஆனால் இசை எங்கே சென்று நிற்கிறது, எப்போது தொடக்கத்துக்குத் திரும்புகிறது என்பது பிடிபடவில்லை. 'இன்ஃபன்ட் ஐஸ்' என்ற மெதுவான உருப்படியில் ஒவ்வொரு முறையும் பார்களின் (தாளச் சுற்றுகளின்) எண்ணிக்கையைத் தவறவிடுகிறேன். 1960களின் ஜாஸ் பாணியான போஸ்ட் பாப் என்பது இதுதானா?

பதில் 1:
நீங்கள் தவறவிடுவதில் வியப்பில்லை. எட்டெட்டு பார்களாக 32 பாரில் முடியும் பாட்டுகளுக்குப் பழகிய காது, எட்டாவது பாரில் வாக்கியம் முடிந்துவிடும் என்று காத்திருக்கும். இதிலோ ஒன்பது பார்கள் கொண்ட மூன்று பகுதிகள் சேர்ந்து 27 பார்கள் ஆகின்றன. தம் மகள் மியாகோவை நினைத்து ஷார்ட்டர் இயற்றிய இந்த உருப்படியில் டிரம்பெட் இல்லை என்பதால், மெட்டு முழுவதும் டெனரிடமே இருக்கிறது. எண்ணுவதை விட்டுவிட்டு அந்த மெட்டை நான்கைந்து முறை முணுமுணுத்துப் பாருங்கள். தனி வாசிப்பின்போதும் அதை மனத்துக்குள் ஓடவிட்டால், திரும்பும் இடம் தானாகவே தெரியும்.

பதில் 2:
மேலே சொன்னது நீளத்தைப் பற்றியது. குழப்பத்துக்குக் கார்டுகளும் (சேர்ந்து ஒலிக்கும் சுரக்கூட்டுகளும்) ஒரு காரணம். 1940களின் ஜாஸ் பாணியான பீபாப்பில், சுர வரிசையின் இரண்டாம் படிக் கார்டிலிருந்து ஐந்தாம் படிக் கார்டுக்கும் அங்கிருந்து ஆதார சுரத்தின் கார்டுக்கும் ஓர் ஈர்ப்பு இருந்துகொண்டே இருக்கும். ஷார்ட்டரோ அடுத்த கார்டைப் பல இடங்களில் அந்த ஈர்ப்புக்காக அல்லாமல் அதன் நிறத்துக்காகத் தேர்கிறார்.

வாசித்தவர்கள் எங்கிருந்து வந்தவர்கள் என்று பார்த்தால் இன்னும் தெளிவாகும். டிரம்பெட் வாசிக்கும் ஃப்ரெடி ஹப்பார்ட், பிளேக்கியின் குழுவில் ஷார்ட்டரோடு இருந்தவர். பியானோவில் ஹெர்பி ஹான்காக், பேஸில் ரான் கார்ட்டர். இவர்கள் இருவரும் இருந்த மைல்ஸ் டேவிஸ் குழுவில் 1964 செப்டம்பரில்தான் ஷார்ட்டர் சேர்ந்தார். டிரம்ஸ் வாசிக்கும் எல்வின் ஜோன்ஸ், சாக்ஸபோன் கலைஞர் ஜான் கோல்ட்ரேனின் நால்வர் குழுவில் ஒருவர். நியூ ஜெர்சியில் உள்ள ரூடி வான் கெல்டரின் ஒலிப்பதிவுக் கூடத்தில் 1964 டிசம்பர் 9 அன்று கோல்ட்ரேனின் 'எ லவ் சுப்ரீம்' பதிவில் வாசித்துவிட்டு, அதே மாதம் 24 அன்று அதே கூடத்தில் இதற்கு அமர்ந்திருக்கிறார். ஆகவே மெட்டை வாசிக்கும் முன்வரிசையில் (டெனர், டிரம்பெட்) உங்களுக்குப் பழகியவர்களே இருக்க, அதன் அடியில் வேறு இரண்டு குழுக்களின் தரை விரிக்கப்பட்டிருக்கிறது. ஹான்காக் விடும் இடைவெளிகளும், ஜோன்ஸின் சுழன்று வரும் தாளமும் அங்கிருந்து வந்தவை.

பதில் 3:
இவ்வளவு பாடம் தேவையா என்று தோன்றுகிறது. போஸ்ட் பாப் என்ற பெயருக்குக் கறாரான எல்லை கிடையாது. இதே தொகுப்பின் 'விட்ச் ஹன்ட்' உருப்படியை, பிளேக்கி குழுவின் பாணியான ஹார்டு பாப் என்று சொன்னாலும் நான் சண்டைக்கு வரமாட்டேன். அதே ஆண்டு ஆகஸ்டில் பதிவான ஷார்ட்டரின் 'ஜூஜூ' தொகுப்பையும் கேளுங்கள். அதிலும் டிரம்ஸ் எல்வின் ஜோன்ஸ்தான். ஆனால் பியானோவில் மெக்காய் டைனர் அழுத்தி வாசிப்பதால் இசை தரையில் ஊன்றி நிற்கிறது. எனக்கு அதுவே ஒரு படி மேல்.

கேட்டவர்:
நன்றி. முணுமுணுத்துக்கொண்டே கேட்டதில், ஒன்பதாவது பார் கூடுதலாக ஒட்டியது போலத் தோன்றவில்லை. மெட்டு மூச்சு விடும் இடமாகவே கேட்கிறது. ஹான்காக்கின் தனி வாசிப்பில் மட்டும் இன்னும் வழி தவறுகிறேன்.