பெட்டோசிரிஸ் குடும்பத்தின் கல்லறையில்

கெய்ரோ அருங்காட்சியகத்தில் ஒரு மரச் சவப்பெட்டிதான் எனக்கு இந்தப் பயணத்தைத் தொடங்கி வைத்தது. கருத்த மரத்தில் சித்திர எழுத்துகளை வண்ணக் கண்ணாடியால் பதித்திருந்தார்கள். எழுத்து தெரியாத எனக்கே அந்த இடத்தை விட்டு நகர மனம் வரவில்லை. பெட்டிக்குரியவர் பெட்டோசிரிஸ். பண்டைய எகிப்தின் ஹெர்மோபோலிஸ் நகரில், எழுத்துக்கும் அறிவுக்கும் தெய்வமான தோத்தின் தலைமைப் பூசாரி. காலம் கி.மு. 300ஐ ஒட்டி.

சரி, அவருடைய கல்லறையையே பார்த்துவிடுவோம் என்று மின்யா பக்கம் கிளம்பினேன். மல்லாவியைத் தாண்டி, வயல்கள் சட்டென்று முடிந்து மணல் தொடங்கும் இடம்தான் துனா எல் கெபல். தூரத்திலிருந்து கல்லறை மாதிரியே தெரியவில்லை. நான்கு தூண்கள், இடையில் பாதி உயரச் சுவர், முன்னால் ஒரு பலிபீடம். சின்னக் கோயில் என்றுதான் நினைத்தேன்.

முன்மண்டபத்தில் அறுவடை, திராட்சை மிதிப்பது, தச்சு வேலை, உலோக வேலை எல்லாம் செதுக்கியிருக்கிறார்கள். ஆட்களின் உடையும் நிற்கும் விதமும் கிரேக்கச் சாயல். உள்ளறைக்குப் போனால் பழைய எகிப்திய பாணிக்குத் திரும்பிவிடுகிறது. எகிப்து பாரசீகரிடமிருந்து கிரேக்கர் கைக்கு மாறிய காலத்தில் வாழ்ந்தவர் பெட்டோசிரிஸ். அந்நியன் ஆண்டபோது எதுவும் பழைய இடத்தில் இல்லை என்று சுவரில் சொல்கிறார். ஏழு வருடம் கோயில் நிர்வாகத்தைப் பார்த்து, பாழாய்க் கிடந்ததைச் சீராக்கியிருக்கிறார். புனிதத் தோப்பில் கண்டவர்கள் நுழைந்து பழம் பறித்துத் தின்றதையும், தான் அதைச் சுற்றிச் சுவர் எழுப்பியதையும்கூட விட்டுவைக்கவில்லை. படிக்கும்போது, ஒரு ஊர்ப் பெரியவர் பக்கத்தில் உட்கார்ந்து பேசுகிற மாதிரி இருந்தது.

ஆனால் என்னை உலுக்கியது அவருடைய மகன் தோத்ரெக். சின்ன வயதில் இறந்தவன். அவன் வாயால் சொல்வதாகவே ஒரு கல்வெட்டு இருக்கிறது. என் பேச்சைக் கேட்பவர் மனம் வருந்தும், நான் வயது குறைக்கப்பட்டுப் பறிக்கப்பட்ட சிறுவன், தூக்கம் ஒருவனை அள்ளிக்கொண்டு போவதுபோல் போனேன் என்கிறான். நண்பர்கள் நிறைய இருந்தார்கள், ஒருவராலும் காப்பாற்ற முடியவில்லையாம். நான் எழுதி வைத்திருந்த மொழிபெயர்ப்பை மெல்ல வாசித்தேன். பாதியில் குரல் அடைத்துக்கொண்டது. காவலர் விளக்கைச் சுவர்ப் பக்கம் பிடித்தபடி பேசாமல் காத்திருந்தார்.

அப்பா, அண்ணன், தான், மகன் என்று மூன்று தலைமுறையையும் ஒரே இடத்தில் வைத்துப் பேசுகிறார் பெட்டோசிரிஸ். அதிகாரப் பட்டங்களைவிட அதுதான் எனக்கு அவரை நெருக்கமாக்கியது. பிற்காலத்தில் கிரேக்கர்கள் இங்கே யாத்திரை வந்து, உடல் மண்ணுக்குள், ஆன்மா தேவர்களிடையே என்று அவரை வணங்கிச் சுவரில் கிறுக்கியிருக்கிறார்கள். எனக்கு அதில் ஆச்சரியமே இல்லை.

போகிறவர்கள் பக்கத்திலிருக்கும், தோத்துக்குரிய ஐபிஸ் பறவைகளைப் பதப்படுத்திப் புதைத்த சுரங்கங்களையும் பாருங்கள். ஆனால் அந்தப் பையனின் வரிகளை முன்கூட்டியே படித்துவிட்டுப் போங்கள். அங்கே நின்று தேட நேரம் கிடைக்காது.