ஐரீன் பாப்பாஸை உலக சினிமா வீணடித்துவிட்டதா?

கொட்டகைக்காரன்:
'ஸோர்பா த கிரீக்' (1964) நேற்று மறுபடியும் பார்த்தேன். கிரேக்க நடிகை ஐரீன் பாப்பாஸுக்கு அதில் பெயர்கூடக் கிடையாது, வெறும் 'விதவை'. கறுப்பு உடை, விரல்விட்டு எண்ணக்கூடிய வசனங்கள், தேவாலய வாசலில் ஊரே சூழ்ந்து நிற்க ஒரு கொலை. ஓயாமல் பேசும் பிரெஞ்சுக்காரியாக வந்த லிலா கெட்ரோவாவுக்கு ஆஸ்கர் கிடைத்தது. பாப்பாஸுக்கோ வாழ்நாளில் ஒரு பரிந்துரைகூட வரவில்லை. 'இசட்' (1969) படத்திலும் கொல்லப்பட்ட தலைவரின் மனைவி. துக்கம் வேண்டுமென்றால் அவரைக் கூப்பிடுவது என்றே இயக்குநர்கள் வைத்திருந்தார்கள். இது வீணடிப்பு இல்லையா?

வெண்திரை:
இல்லை என்றுதான் சொல்வேன். அதே ஸோர்பாவில் மழைக் காட்சியை நினைத்துப் பாருங்கள். தன் ஆட்டைத் தேடி காப்பிக்கடைக்குள் வருகிறார். ஆண்கள் ஆட்டை மறைத்துவைத்துக்கொண்டு கேலி செய்கிறார்கள். நனைந்த முகத்தோடு நிற்கும் அந்தப் பெண் ஒருவரிடமும் கெஞ்சுவதில்லை. அந்த ஊருக்கு அவர்மேல் ஆசை, அது நிறைவேறாத கோபம் இரண்டும் அந்த ஒரு காட்சியிலேயே தெரிந்துவிடுகிறது. பின்னால் வரும் கொலையை நாம் நம்புவது அதனால்தான். வசனத்தின் நீளத்தை வைத்து வேடத்தை அளக்காதீர்கள்.

கொட்டகைக்காரன்:
காட்சி அருமை, மறுக்கவில்லை. ஆனால் அப்படி நடிக்கத் தெரிந்தவருக்கு ஹாலிவுட் என்ன கொடுத்தது? 1956இல் 'டிரிப்யூட் டு எ பேட் மேன்' படத்தில் ஜேம்ஸ் காக்னிக்கு ஜோடி. அப்புறம் ஐந்து வருடம் கழித்து 'கன்ஸ் ஆஃப் நவரோன்' என்ற இரண்டாம் உலகப் போர்ப் படம். அங்கும் ஒரு கிரேக்கப் பெண்தான்.

வெண்திரை:
நவரோன் உங்கள் வாதத்துக்கு உதவாது. மூல நாவலில் ஆண்களாக இருந்த கிரேக்கப் போராளிகளைப் படத்தில் பெண்களாக மாற்றினார்கள். துரோகியைச் சுட வேண்டிய நேரத்தில் கிரெகரி பெக் உள்ளிட்ட ஆண்கள் வாதாடிக்கொண்டிருக்க, சுடுவது பாப்பாஸின் மரியா. தன் தோழியையே சுடுகிறார்.

ஆனால் அவரை ஹாலிவுட்டில் தேடுவதே தப்பு என்பேன். பழங்கால கிரேக்க நாடகாசிரியர் யூரிப்பிடீஸின் நாடகங்களை வைத்து மிகாலிஸ் ககோயானிஸ் இயக்கிய மூன்று படங்களில் தேடுங்கள். 'எலெக்ட்ரா'வில் (1962) வெட்டிய தலைமுடியோடு, தந்தையின் கொலைக்குப் பழிவாங்கக் காத்திருக்கும் மகள். 'ட்ரோஜன் விமன்' (1971) படத்தில் ட்ராய் போருக்குக் காரணமான அழகி ஹெலன். முதலில் மரப்பலகை இடுக்கில் அந்தக் கண்கள் மட்டும் தெரியும். மற்ற பெண்கள் தாகத்தில் தவிக்க, இவர் தனக்குக் கிடைத்த தண்ணீரில் உடம்பு கழுவுவார். இதில் துக்கம் எங்கே இருக்கிறது? 'இஃபிஜீனியா'வில் (1977) கணவன் பலியிட்ட மகளின் தாய் கிளிட்டம்நெஸ்ட்ரா. கப்பல்கள் புறப்படும்போது அவர் பார்க்கும் பார்வையில் அடுத்த கொலை, அந்தக் கணவனின் கொலை, ஏற்கெனவே இருக்கிறது. மகள் வேடத்திலிருந்து தாய் வேடம் வரை 15 வருடம் ஒரே இயக்குநரோடு வளர்ந்த நடிகைகள் எத்தனை பேர்?

தெற்குக்கரை:
இருவரும் அரசியலை விட்டுவிட்டீர்கள். 1967இல் கிரேக்கத்தில் ராணுவம் ஆட்சியைப் பிடித்தது. பாப்பாஸ் அதை வெளிப்படையாக எதிர்த்தார், நாட்டுக்கு வெளியே வாழ்ந்தார். 1963இல் தெஸ்ஸலோனிக்கியில் கொல்லப்பட்ட கிரேக்க நாடாளுமன்ற உறுப்பினர் லாம்ப்ராகிஸின் கதைதான் 'இசட்'. கிரேக்கத்தில் எடுக்க முடியாமல் அல்ஜீரியாவில் எடுத்த படம். அதில் அந்த மனைவியாக ஒரு கிரேக்கப் பெண் வந்து நின்றதைச் சின்ன வேடம் என்று என்னால் தள்ள முடியவில்லை. நாட்டையே இழந்து நிற்பவரின் முகம் அது.

கொட்டகைக்காரன்:
'இசட்' பற்றிச் சொன்னதை ஏற்கிறேன், அந்தப் படத்தை என் பட்டியலிலிருந்து எடுத்துவிடுகிறேன். ஹெலனும் சரி. ஆனால் வெண்திரை, நீங்கள் காட்டிய மூன்று படங்களுமே பழைய துன்பியல் நாடகங்கள்தானே? கொரிந்துக்குப் பக்கத்துக் கிராமத்தில் பிறந்த பெண், 1950களின் ஏதென்ஸில் வேலைக்குப் போகும், சிரிக்கும், காதலிக்கும் ஒருத்தியாக நம் நினைவில் ஏன் இல்லை? அதே காலத்தில் இன்னொரு கிரேக்க நடிகை எல்லி லாம்பெத்திக்கு அதே ககோயானிஸ் 'விண்ட்ஃபால் இன் ஏதென்ஸ்' (1954) என்ற காதல் நகைச்சுவைப் படத்தைக் கொடுத்தார். பாப்பாஸுக்கு அப்படி ஒன்றும் அமையவில்லை.

வெண்திரை:
லாம்பெத்தி ஒப்பீடு நியாயமானது, அதற்கு என்னிடம் பதில் இல்லை. ஆனாலும் 'எலெக்ட்ரா'வை ஒருமுறை பார்த்துவிட்டு வாருங்கள், மீதியைப் பேசுவோம்.